என் சாவுக்குக் கை தூக்குனவங்க

தை மாசம் கடைசி வெள்ளிக்கிழமை நான் சாகுறதா ஏற்பாடு. எனக்கு யாரும் சொல்லல. தபால்காரர்தான் சொன்னாரு.

"வீரபத்திரண்ணே, உங்க வீட்டுல இருந்து போன கார்டு ஒண்ணு, விலாசம் சரியில்லேன்னு திரும்பி வந்திருக்கு"ன்னு மாட்டுக்கொட்டகைக்குள்ள வந்து என் கட்டில் ஓரத்துல நின்னாரு. எனக்கு எழுத்து தெரியாது. வாசிங்கன்னேன். மனுசன் சத்தமா வாசிச்சாரு. "அய்யா கிடையில் விழுந்து நாலு மாதம் ஆகிறது. தை கடைசி வெள்ளிக்கிழமை தலைக்கு ஊற்றுவதாகப் பேசி முடித்திருக்கிறோம். தாங்கள் குடும்பத்தோடு முன்கூட்டியே வந்து சேரவும். வரும்போது பால் கொண்டு வரவும். இப்படிக்கு, கூத்தையா."

கூத்தையா எனக்கு ஒரே மகன். வாசிச்சு முடிச்ச பெறகுதான் தபால்காரருக்கு உறைச்சிருக்கு, யாருக்கு வாசிச்சோம்னு. கார்டை என் நெஞ்சு மேல வச்சுட்டு சைக்கிளை எடுத்தாரு பாருங்க, அம்புட்டு வேகமா அவரு தந்தி கொடுக்கக்கூடப் போனதில்ல.

தேவிபட்டினத்துக்கு மேக்க ரெண்டு மைல் எங்க ஊரு. நெல்லும் மொளகாயும் வெவசாயம். எங்க பக்கத்துல தலைக்கு ஊத்துறதுன்னா வேற ஒண்ணுமில்ல. கெடையில கெடந்து எந்திரிக்காத பெருசுகளுக்கு எண்ணெயத் தேச்சு, குளுந்த தண்ணிய ஊத்தி, மேலோகம் அனுப்பி வைக்கிறது. காலங்காலமா நடக்குது. ஆனா யாரும் வாய் விட்டுச் சொல்லமாட்டாக. "எங்க அம்மாளுக்கு ஊத்தியாச்சு"ன்னு கண்ணைத் தாழ்த்திக்கிட்டுச் சொல்லுவாக, கேட்டவுகளும் கண்ணைத் தாழ்த்திக்கிட்டுத் தலையாட்டுவாக. அத்தோட சரி. நானே எம்புட்டோ பேரு வீட்டுல அப்பிடித் தலையாட்டிட்டு வந்திருக்கேன். அப்ப நின்னுக்கிட்டு ஆட்டினேன், வலிக்கல.

ஐப்பசி மழையில கம்மாக்கரையில வழுக்கி விழுந்தேன். இடுப்பு எலும்பு போச்சு. டவுன் ஆஸ்பத்திரியில பாத்துட்டு, வயசு எழுவதுக்கு மேல ஆச்சு, வீட்டுல வச்சுப் பாத்துக்கங்கன்னு அனுப்பிட்டாக. பாத்துக்கிட்டவ என் மருமக ராக்கு. என் பொண்டாட்டி போயி ஆறு வருசமாச்சு. ராக்குதான் கஞ்சி ஊட்டுறது, பீ மூத்திரம் அள்ளுறது, முதுகுப் புண்ணைக் கழுவுறது எல்லாம். கூத்தையா காலையில வாசல்ல நின்னு, "அய்யா எப்பிடி இருக்கு?"ம்பான். அவ, "இருக்கு"ம்பா. அவன் வயலுக்குப் போயிருவான்.

சரி, எதுக்கு தை கடைசி? மாசி பொறந்தா மொளகாப் பழம் பறிக்கணும். களத்துல பழம் காயிறப்போ வீட்டுல எழவு விழுந்தா யாரு பாக்குறது? நான் மாசியில செத்துத் தொலைச்சா மொளகா கெட்டுப் போகும். யோசிச்சுப் பாத்தா நாயமாத்தான் இருந்துச்சு. சாகப்போறது நானா இல்லாம இருந்திருந்தா நானே அந்த நாளைத்தான் குறிச்சுக் கொடுத்திருப்பேன்.

அன்னைக்குக் கத்தினேன் ஒரு கத்து. "ஏலே கூத்தையா! எனக்குச் சாவ வேணாம்டா! நான் இருக்கணும்டா!"ன்னு. தெரு பூராம் கேட்டுச்சு. அந்த வாரத்துலயே சொந்தக்காரவுக பால் செம்போட வந்து எறங்கிட்டாக. கட்டிலைச் சுத்தி உக்காந்து என் மூஞ்சியப் பாத்தாக. "இருக்கணும்னு சொல்றாரே, பாவம்"னா ஒருத்தி. "அதுதான் சொல்றேன், ஏதோ ஆசை அடங்காமக் கெடக்கு. அதுதான் உசுரைப் புடிச்சுக்கிட்டு நிக்குது"ன்னாரு என் மச்சான். அம்புட்டுப் பேரும் ஆமாம்னுட்டாக. இருக்கணும்னு நான் சொல்லச் சொல்ல, என்னைய அனுப்புறதுக்கு அதுவே சாட்சியாப் போச்சு.

ஆசை எதுல இருக்குன்னு கண்டுபிடிக்கிற வேலை ஆரம்பிச்சுச்சு. மண்ணுல ஆசையா இருக்கும்னு என் மொளகாச் செய் மண்ணை எடுத்து வந்து கரைச்சு வாயில ஊத்துனாக. அன்னைக்கு வெயிலு, ராக்கு வேற தண்ணிக்குப் போயிருந்தா, தாகத்துல முழுச் செம்பையும் குடிச்சுட்டேன். குடிச்ச தெம்புல எந்திரிச்சு உக்காரப் பாத்தேன். "மண்ணு இல்ல, காசு"ன்னுட்டாக. வெள்ளி ரூவாய உரசி ஊத்துனாக. அப்பறம் நிலைப்படியச் சொரண்டி, அப்பறம் மாட்டுக்கொட்டகை மண்ணு. ஒரு கெழவன் எந்திரிச்சு, "வாலிபத்துல இவன் திருப்பாலைக்குடிப் பக்கம் அடிக்கடி போவான், அங்கன ஒரு வீட்டு வாசல் மண்ணைக் கொண்டாந்து பாக்கலாம்"னான். நாசமாப் போறவன்! நான் அங்கன போனது எள்ளு விக்க.

"அடேய், எனக்கு ஒரே ஆசைதான் இருக்கு. கருவாட்டுக் குழம்பு ஊத்தி ஒரு வாய் சோறு குடுங்க"ன்னேன்.

"ஐயையோ, கருவாடா? இந்த ஒடம்புக்குக் கருவாடு தின்னா செத்துல்ல போவீக!"ன்னு என் மச்சான் பதறுனாரு.

இதுக்கெடையில கார்டு எழுதிக் கொடுத்த வாத்தியாருக்குப் பயம் புடிச்சிருச்சு. கூத்தையாவுக்கும் எழுதத் தெரியாது, பத்துக் கார்டும் அவரு கைப்பட எழுதுனது. தபால்காரர் எட்டு ஊருலயும் சொல்லிட்டாருன்னு கேட்டதும், "செக்ஷன் முன்னூத்தி ரெண்டு! கையெழுத்து என்னுது! மொத ஆளா என்னையத்தான் புடிப்பான்"னு பஞ்சாயத்து பிரசிடெண்டுகிட்ட ஓடிட்டாரு.

பிரசிடெண்டு உக்கிரபாண்டி. ஒன்றியம் வந்த புதுசுல ஜெயிச்சவரு. கதர்ச் சட்டைய மடிப்புக் கலையாமப் போட்டுக்கிட்டு என் கட்டில்கிட்ட வந்தாரு. மூக்கைத் துண்டால பொத்திக்கிட்டாரு. "மாமா, இதுவரைக்கும் எத்தனையோ வீட்டுல எத்தனையோ நடந்துச்சு. நாங்க கேட்டமா? நீங்க கத்துனதாலதான் இப்ப விசயம் பெரிசாப் போச்சு. என் காலத்துல ஒரு கேசுன்னு வந்துச்சுன்னா ஒன்றியத்துல நம்ம ஊருக்கு ரோடு போட மாட்டான். அதனால சனநாயக முறைப்படி செய்வோம். ஊரைக் கூட்டிக் கருத்துக் கேட்டுருவோம்"னாரு.

"என்கிட்டக் கேளேன்"னேன்.

"உங்க மேல மரியாதை இருக்குறதாலதான் ஊரைக் கேக்குறோம்"னாரு.

ஞாயித்துக்கெழமை பஞ்சாயத்து ஆபீஸ் முன்னாடி கூட்டம். எந்நேரமும் பாடுற ஆபீஸ் ரேடியோவை நிறுத்திட்டாக, அதுல இருந்தே தெரிஞ்சுக்கங்க எம்புட்டுப் பெரிய கூட்டம்னு. என்னையக் கட்டிலோட தூக்கிக்கிட்டுப் போயி நடுவுல வச்சாக. நாலு பேரு தூக்கினாக. போறப்ப ஒருத்தன் வழக்கத்துல வலது பக்கம் சுடுகாட்டுப் பாதையில திரும்பிட்டான், "ஏலே, இன்னைக்கு இங்கிட்டு இல்லடா"ன்னு மத்தவுக இழுத்தாக.

மொதல்ல என் மச்சான் பேசுனாரு. நம்ம வழக்கம், பெரியவுக காட்டுன வழி, கெடையில கெடந்து புழுத்துப் போறதுக்கு மானத்தோட போறது மேல்னாரு. நல்ல பேச்சு. ஜனங்க கண்ணைத் தொடச்சுக்கிட்டாக. அவரு அப்பனுக்கு ஊத்துன மறுநா அவரு பாகப் பத்திரம் எழுதுனதும் எனக்கு ஞாபகம் இருக்கு, அதை அவரு சொல்லல.

அடுத்து வாத்தியார். உயிரு புனிதமானது, சுதந்திர நாட்டுல சட்டம்னு ஒண்ணு இருக்கு, நாகரிக உலகம் நம்மளப் பாத்துச் சிரிக்கும்னாரு. அதுவும் நல்ல பேச்சுத்தான். கார்டுல "பால் கொண்டு வரவும்"னு எழுதுன அதே கை காத்துல வீசி வீசிப் பேசுச்சு.

அப்ப செபஸ்தியான் வந்து சேர்ந்தாரு. தங்கச்சிமடத்துக்காரரு, வேதக்காரரு. முப்பது வருசமா நான் மொளகா கொடுப்பேன், அவரு கருவாடு கொடுப்பாரு, காசு கைமாறுனதே இல்ல. அவருக்கும் ஒரு கார்டு போயிருக்கு. பாலுக்குப் பதிலா சீலாக் கருவாடு கொண்டாந்திருந்தாரு. பிரசிடெண்டு அவரையும் பேசச் சொன்னாரு. "ஆண்டவரு கொடுத்த உசுரு, அவருதான் எடுக்கணும். படுற வலிய ஆண்டவருக்கு ஒப்புக்கொடுத்தா அது புண்ணியம்"னாரு. நான் கட்டில்ல இருந்து, "செபஸ்தியானு, ஒப்புக்கொடுக்க என் இடுப்புதான் கெடச்சுச்சா?"ன்னேன். அவருக்கு மூஞ்சி சுருங்கிப் போச்சு. உடனே, "அப்ப எங்க ஊருக்கு வாங்க. எங்க கன்னியாஸ்திரிக பெரியவுகள வச்சுப் பாக்குறாக, புண்ணுக்கு மருந்து போடுவாக"ன்னாரு. நல்ல மனுசன்.

கூட்டம் பொங்கிருச்சு. "தலைக்கு ஊத்துனாலும் ஊத்துவோம், வேதத்துல சேர விடமாட்டோம்!"னு நாலா பக்கமும் சத்தம். அன்னைக்குக் கூட்டத்துல ஒரே மனசா எடுத்த முடிவு அது ஒண்ணுதான்.

பெறகு ஓட்டு. ஊத்தணும்கிறவுக கை தூக்குங்கன்னாரு பிரசிடெண்டு. பத்தொம்பது கை. என் மகன் கையும் அதுல ஒண்ணு, துண்டால வாயப் பொத்தி அழுதுக்கிட்டே தூக்குனான். வேணாம்கிறவுக கை தூக்குங்கன்னாரு. எண்ணுனாக, அதுவும் பத்தொம்பது. நானும் என் கைய ஒசத்துனேன்.

"மாமா, கைய எறக்குங்க. சம்பந்தப்பட்ட ஆளு ஓட்டுப் போடப்படாது. அது முறையில்ல"ன்னாரு உக்கிரபாண்டி.

"எலே, சாகப்போறது நான்டா!"

"அதைத்தான் மாமா நானும் சொல்றேன்."

பொம்பளைக ஓரமா நின்னாக, அவுகள யாரும் எண்ணவே இல்ல. ரெண்டு பக்கமும் சமம்னு தீர்மானத்தை ஒத்தி வச்சாக. ரேடியோவைத் திருப்பி வச்சாக. ரெண்டு கட்சியும் பேசிக்கிட்டே டீக்கடைக்குப் போயிருச்சு. "மனுச உசுருய்யா, சும்மாவா!"ன்னு வாத்தியார் குரல் ரொம்பத் தூரம் வரைக்கும் கேட்டுச்சு. செபஸ்தியானை நாலு பேரு கூட்டிக்கிட்டுப் போயி பஸ் ஏத்தி விட்டாக, நின்னா மதம் மாத்திருவாருன்னு.

நான் கட்டில்லயே கெடந்தேன். உச்சி வெயிலு. இருக்கணும்னு கை தூக்குன பத்தொம்பது பேருல ஒருத்தனுக்கும், போகணும்னு தூக்குன பத்தொம்பது பேருல ஒருத்தனுக்கும், என்னையத் திரும்பத் தூக்கிட்டுப் போகணும்னு தோணல. மூத்திரம் போயிருச்சு. ஈ மொய்ச்சுச்சு. எழுவது வருசம் அந்த ஊருல மீசைய முறுக்கிக்கிட்டுத் திரிஞ்சவன் நான். அழுதுட்டேன், ஆமா, அழுதேன்.

ராக்கு வந்தா. குடத்துல தண்ணி, பழைய சேலை ஒண்ணு, ஓலைப்பாய் ஒண்ணு. பாயை வெயிலுக்கு மறைப்பா நட்டுட்டு, சேலையச் சுத்திக் கட்டி, பஞ்சாயத்து ஆபீஸ் வாசல்லயே வச்சு என்னையக் கழுவிவிட்டா. கழுவி முடிச்சுக் கையப் பிசைஞ்சுக்கிட்டு உக்காந்தா.

"மாமா, ஊத்திரலாம்னு மொதல்ல சொன்னது நான்தான்"னா.

எனக்குக் கோவம் பொத்துக்கிட்டு வந்துச்சு. அவ மூஞ்சியப் பாத்தேன். கண்ணு ரெண்டும் குழிக்குள்ள கெடக்கு. மணிக்கட்டு வீங்கியிருக்கு.

"நாலு மாசமா ஒரு ராத்திரி முழுசாத் தூங்கல மாமா. உங்களப் பொரட்டிப் பொரட்டி இடுப்பு விட்டுப் போச்சு. அவுகளக் கூப்புட்டா, அய்யாவ அப்பிடிப் பாக்க எனக்கு மனசு தாங்காதுன்னு வயலுக்குப் போயிருறாக. ஒரு நா சொல்லிட்டேன், இப்பிடியே போனா நான் முந்திக்கிருவேன், அவருக்கு ஊத்திருங்கன்னு. சொல்லிட்டு உங்களுக்குக் கஞ்சி ஊட்ட வந்தேன். நீங்க கஞ்சி சூடா இருக்கான்னு கேட்டீக."

பத்து கார்டு, பத்தொம்பதும் பத்தொம்பதும் முப்பத்தெட்டு கை, இம்புட்டையும் நான் திட்டித் தீத்துட்டேன். இவளத் திட்ட வாய் வரல.

"நீ என்ன சொல்ற இப்ப?"ன்னு கேட்டேன்.

"நீங்க இருங்க மாமா. ஆனா என் ஒருத்தியால முடியாது"ன்னா.

பொழுது சாயத்தான் நாலு பேரு வந்து கட்டிலைத் தூக்குனாக. மறுநா பிரசிடெண்டு ஒரு பேப்பரோட வந்தாரு. "எனக்கு எது நடந்தாலும் பஞ்சாயத்து பொறுப்பில்லை"ன்னு வாத்தியார் எழுதியிருக்காரு, கைநாட்டு வைக்கணும். வைக்கிறேன், ஆனா ஊரைத் திரும்பக் கூட்டு, நான் பேசணும்னேன். அவருக்குக் கைநாட்டு வேணும், கூட்டுனாரு.

இந்தத் தடவ நான் பேசுனேன். "நான் இருக்கணும்னு கை தூக்குன புண்ணியவான்க பத்தொம்பது பேருக்கும் கும்புடு. மனுச உசுரு புனிதம்னீக. ரொம்ப சரி. தெனம் ஒருத்தர் வந்து எனக்குப் பீ அள்ளிக் கழுவிவிடணும். பத்தொம்பது நாளைக்கு ஒரு தடவதான் ஒருத்தருக்கு மொறை வரும். வாத்தியாரே, நாளைக்கு நீங்க வாரீகளா?"

வாத்தியாருக்கு நாளைக்கு இன்ஸ்பெக்சன். அடுத்தவனுக்குக் குமட்டல் சுபாவம். அடுத்தவன் பொண்டாட்டி முழுகாம இருக்கா, அவன் அசிங்கத்தைத் தொடப்படாது. ஒருத்தன் எந்திரிச்சு, "போன கூட்டத்துல நான் சொரியத்தான் கையத் தூக்கினேன், எண்ணிட்டாக"ன்னான். கால் மணி நேரத்துல என் கட்சியில ஒரு கை மிச்சமில்ல. பிரசிடெண்டு தொண்டையச் செருமிக்கிட்டு, "அப்ப ஊத்துறதுன்னு தீர்மானம் ஆகுது"ன்னாரு.

"பொறு. ஊத்தணும்கிறவுகளயும் கேட்டுருவோம். வெள்ளிக்கெழமை தன் கையால எனக்கு ஊத்துறது யாரு? கைய மட்டும் தூக்குனாப் போதும்"னேன்.

என் மச்சான் செருப்புல மண்ணு இருக்கான்னு பாத்தாரு. அம்புட்டுப் பேரும் கூத்தையாவத்தான் பாத்தாக. மகன்தான ஊத்தணும். அவன் கை மெல்ல எந்திரிச்சுச்சு, காதுகிட்ட வந்து நின்னுபோச்சு. மேல போகல, கீழயும் எறங்கல.

"சரிடா. வெள்ளிக்கெழமைக்கு இன்னும் நாலு நா இருக்கு. ராக்கு அவ ஆத்தா வீட்டுக்குப் போயி நாலு நாளும் தூங்கட்டும். அதுவரைக்கும் நீ என்னையக் கழுவு. கழுவிட்டு வெள்ளிக்கெழமை ஊத்து. நான் வேணாம்னு சொல்லல"ன்னேன். ஊரு கலைஞ்சுருச்சு. கைநாட்டை வாங்க மறந்துட்டு உக்கிரபாண்டி போயிட்டாரு.

ராக்கு அன்னைக்கே போனா. போக மாட்டேன்னு நின்னவள நான்தான் வெரட்டுனேன். சாயங்காலம் கூத்தையா வாளியோட வந்து வாசல்ல நின்னான். வழக்கமா நிக்கிற எடம்.

"உள்ள வாடா"ன்னேன்.

வந்தான். என் வேட்டிய அவுத்தான், வெளிய ஓடிப்போயி வாந்தி எடுத்தான். வாயக் கழுவிக்கிட்டுத் திரும்ப வந்தான். துடைச்சான். தப்புத் தப்பாத் துடைச்சான், ஒரு பக்கம் விட்டுட்டு மறுபக்கம் துடைச்சான், நான் பல்லைக் கடிச்சுக்கிட்டேன். பெறகு என்னைய ஒருக்களிச்சுப் படுக்க வச்சு முதுகுத் துணிய எடுத்தான்.

அவன் கை என் மேல படல. ஓடிட்டானோன்னு நெனச்சேன். அப்பறம் அவன் மூச்சு என் முதுகுல பட்டுச்சு.

"அய்யா, எலும்பு தெரியுதுய்யா"ன்னான். "எனக்குத் தெரியாதுய்யா. புண்ணுன்னுதான் சொன்னா. இம்புட்டுன்னு எனக்குத் தெரியாதுய்யா." தரையில உக்காந்துட்டான். சின்னப் புள்ளையில காய்ச்சக் கண்டப்ப அழுவானே, அப்பிடி அழுதான். பெறகு எந்திரிச்சுத் தண்ணிய விளாவி, ஓரத்துல இருந்து மெதுவாத் தொட்டான்.

"வலிக்குதாய்யா?"

எட்டு ஊரு என்னைய வச்சுப் பேசுச்சு. இருக்கணுமா போகணுமான்னு பேசுச்சு. இதை ஒருத்தன் கேக்கல. ராக்கு கேக்க மாட்டா, அவளுக்குத் தெரியும்.

"வலிக்குதுடா"ன்னேன்.

வெள்ளிக்கெழமை வந்து போயிருச்சு. அவன் எண்ணெயப் பத்திப் பேசல, நானும் கேக்கல. இன்னும் இருக்கேன். ராக்கு வந்துட்டா, இப்ப ரெண்டு பேரும் மொறை போட்டுக் கழுவுறாக. ஆனா புண்ணு ஆறாது, எனக்குத் தெரியும். இதைவிடப் பொறுக்க முடியாத ஒரு நா வரும். அன்னைக்கு நானே வாய் விட்டுக் கேட்டாலும் கேப்பேன், ஊத்துங்கடான்னு. ஆனா ஊரைக் கூட்டிக் கேக்கமாட்டேன். என் மகன்கிட்டயும் மருமககிட்டயும்தான் கேப்பேன். அவுக ரெண்டு பேருக்குத்தான் புண்ணு எம்புட்டு ஆழம்னு தெரியும்.